அக்காவுக்கு ஒரு பிஸ்டல் பார்த்த கதை

2023இல் நான் ஹூஸ்டனுக்குப் போயிருந்தபோது அக்கா என்னைக் கூட்டிக்கொண்டுபோன முதல் இடம் பெயர்லாண்டில் இருக்கிற மீனாட்சி அம்மன் கோயில். இரண்டாவது நாசா. மூன்றாவது ஒரு துவக்குக் கடை.

"சும்மா பாத்திட்டு வருவம்" என்றுதான் வெளிக்கிடும்போது சொன்னா. கார் பெரிய ரோட்டில் ஏறின பிறகுதான் விசயம் வந்தது. "நான் ஒண்டு வேண்டப் போறன். அத்தானுக்கு விருப்பமில்லை. நீயாவது ஒருக்கா பாத்துச் சொல்லு."

நான் என்னத்தைப் பார்த்துச் சொல்ல? யாழ்ப்பாணத்தில் பிறந்து வளர்ந்தவனுக்குத் துவக்கைப் பற்றி ஏதோ தெரியும் என்று நினைச்சிருப்பா. ஒரு வகையில் தெரியும்தான். பள்ளிக்கூடம் போகிற வழியில் நாலு சென்றி. ரீ-56 எது, எல்எம்ஜி எது என்று பத்து வயதிலேயே சொல்லுவோம். ஆனால் நான் கண்ட துவக்கெல்லாம் மற்றப் பக்கத்தில் நின்று கண்டவை. கைபிடி எப்பிடி இருக்கும், விசை எவ்வளவு இறுக்கம், பாரம் எவ்வளவு என்று ஒருநாளும் யோசிச்சதில்லை. யோசிக்கிற இடத்தில் நாங்கள் நிற்கவில்லை.

அக்கா பெரியம்மாவின் மகள். 2011இல் கலியாணம் கட்டிப் போனவ. அங்கேயே நேர்சிங் படித்து இப்போது ஒரு பெரிய ஆஸ்பத்திரியில் இரவு வேலை. கிழமைக்கு மூன்று இரவு, பின்னேரம் ஏழிலிருந்து காலை ஏழு மட்டும். அந்த வருடத் தொடக்கத்தில் ஒருநாள், வேலைக்கு வெளிக்கிட்டு வீட்டுத் தொகுதியின் கார்த் தரிப்பிடத்துக்கு வந்தவவை ஒருவன் மறித்திருக்கிறான். காரின் கதவை ஒரு கையால் பிடித்துக்கொண்டு மற்றக் கையில் கத்தி. பையைக் குடுத்துவிட்டா. அவன் போய்விட்டான். "ஒண்டும் நடக்கேல்லை" என்றுதான் எங்களுக்கெல்லாம் சொன்னது. ஆனால் நான் நின்ற மூன்று கிழமையும் பார்த்தேன், காரில் ஏறினால் முதலில் கதவைப் பூட்டுவா, பிறகுதான் மூச்சு விடுவா.

கடை எங்கட கஸ்தூரியார் வீதி நகைக்கடை மாதிரி. நீளமான கண்ணாடி மேசை, உள்ளுக்குள் வெளிச்சம், ஒவ்வொன்றுக்கும் சின்ன விலைத்துண்டு. ஆக்கள் குனிந்து பார்த்து, விரலால் காட்டி, எடுத்துத் தரச்சொல்லி, கையில் பிடித்துப் பார்த்து, திருப்பிக் குடுத்தார்கள். பிறவுன் நிறச் சேட் போட்ட ஒரு வயதானவர் எங்களிடம் வந்தார். எதை எடுத்தாலும் முதலில் மகசினைக் கழற்றினார், மேல்பகுதியைப் பின்னுக்கு இழுத்துப் பூட்டினார், உள்ளுக்கு ரவை இல்லை என்று கண்ணால் பார்த்து, பிறகு விரலையும் விட்டுத் தடவிப் பார்த்து, அதுக்குப் பிறகுதான் நீட்டினார். ஒரு நிமிடத்துக்கு முன்னம் தானே வைத்ததை எடுக்கும்போதும் அதையேதான் செய்தார். அந்த மனிசனில் எனக்கு மரியாதை வந்தது.

என்னுடைய முறை வந்தபோது நான் விசிட் விசாவில் வந்தவன் என்று அக்கா சொல்லிவிட்டா. கையை இழுத்துக்கொண்டார். விசிட் விசாவில் வந்தவர் துவக்கோ ரவையோ வைத்திருக்கக்கூடாது என்பது அமெரிக்க மத்திய அரசின் சட்டம். வேட்டை லைசன்ஸ் இருந்தால் விதிவிலக்கு இருக்காம். (மான் சுடுகிறவன் நம்பிக்கையானவன் போல.) பாவம் பார்த்து, பயிற்சிக்குப் பாவிக்கிற நீலப் பிளாஸ்ரிக் பொம்மை ஒன்றைத் தந்தார். அளவு எல்லாம் அச்சொட்டா அதேதான், ஆனால் சுடாது. இந்த மதிப்பீடு முழுக்க அந்த நீலப் பொம்மையை வைத்து எழுதினதுதான், மன்னிக்கவும்.

அக்காவுக்கு வழி முழுக்கச் சட்டம் பாடம். டெக்சாஸில் 1995இல் வந்த சட்டத்தின்படி மறைத்துக் கொண்டுபோக லைசன்ஸ் எடுக்கவேணும், அதுக்கு வகுப்பு, சுட்டுக் காட்டுகிற சோதனை. 2021 செப்டெம்பர் 1 தொடக்கம் அதுவும் கட்டாயமில்லை. 21 வயது தாண்டின, சட்டப்படி துவக்கு வைத்திருக்கத் தடையில்லாத ஆள் சும்மா இடுப்பில் செருகிக்கொண்டு போகலாம். கடையில் வேண்டும்போது 4473 என்கிற படிவம் நிரப்பவேணும், பின்னணி பார்ப்பார்கள், சரி என்றால் அன்றைக்கே கையில். எங்கட நாட்டில் ஒரு பிஸ்டலுக்குப் பாதுகாப்பு அமைச்சு மட்டும் போகவேணும். இங்கே எனக்கு சிம் கார்ட் எடுக்கிறதுக்கு இதைவிடக் கூட நேரம் போனது.

சரி, சாமானுக்கு வருவோம்.

அக்கா மனதில் வைத்திருந்தது சிக் சவர் கொம்பனியின் பி365. 2018இல் வந்தது. இந்தச் சின்னப் பிஸ்டல் உலகத்தில் அது ஒரு பெரிய விசயமாம். அதுக்கு முன்னம் மெலிசான பிஸ்டல் என்றால் ரவை கொஞ்சம்தான் பிடிக்கும். 2015இல் வந்த கிளொக் 43க்கு 6. ஸ்மித் அன்ட் வெசன் 2012இல் விட்ட ஷீல்டுக்கு 7 அல்லது 8. பி365 அதே அளவுக்குள் 10 ரவையை அடக்கிவிட்டது. ரவைகளை ஒரே வரியாக அடுக்காமல் கொஞ்சம் முன்னும் பின்னுமாக நெருக்கி அடுக்குகிற மகசின்தான் அதுக்குக் காரணம். அகலம் ஒரு அங்குலம். நீளம் ஆறு அங்குலத்துக்கும் குறைவு. வெறுமையாக ஏறக்குறைய 500 கிராம், அதாவது ஒரு றாத்தல் பாணைவிடக் கொஞ்சம் கூட. ரவை நிரப்பினால் 600ஐத் தாண்டும். விலை 500, 600 டொலர் மட்டில்.

பக்கத்தில் கிளொக் 19ஐ வைத்துப் பார்த்தோம். இது 1988இலிருந்து இருக்கிறது, பொலிஸ்காரர் கனபேரிடம் இருக்கிற வகை. 15 ரவை, ஒன்றேகால் அங்குல அகலம், நிரப்பினால் 850 கிராம் மட்டில். இதையும் 'கொம்பக்ட்' என்றுதான் சொல்லுகிறார்கள். அக்காவின் இடுப்பில் அது கொம்பக்ட் இல்லை. மூன்றாவது ருகர் எல்சிபி, 300 கிராமுக்கும் குறைவு, சின்ன ரவை, உள்ளங்கைக்குள் ஒளிந்துவிடும். அதைக் கண்டதும் அக்காவின் முகம் மலர்ந்தது. "இது வடிவா இருக்குதடா" என்றா, தோடு பார்க்கிற மாதிரி.

அடுத்த கிழமை சுடுகிற இடத்துக்குப் போனோம். அங்கே வாடகைக்குத் தருவார்கள், சுட்டுப் பார்த்து முடிவெடுக்கலாம். நான் தடித்த கண்ணாடிக்கு இந்தப் பக்கம். அக்காவுக்குப் பழக்கினவ அறுபது வயது மதிக்கத்தக்க ஒரு அம்மா. துவக்கைக் கையில் குடுக்க முன்னம் அரை மணித்தியாலம் கதைதான். எல்லாத் துவக்கும் எப்பவும் ரவை நிரப்பினதுதான் என்று நினை. அழிக்க விரும்பாத எதையும் நோக்கிக் குழலைத் திருப்பாதே. குறி வைக்கும் மட்டும் விரல் விசைக்கு வெளியில. இலக்கு என்ன, அதுக்குப் பின்னால என்ன என்று தெரிந்து வை. இந்த நாலையும் ஜெஃப் கூப்பர் என்கிற பழைய மரீன் படை அதிகாரிதான் இப்படிக் கோர்த்தவராம். எங்கட சென்றிகளில் நின்றவர்களுக்கு இதில் இரண்டாவதை மட்டுமாவது யாராவது சொல்லிக் குடுத்திருக்கலாம்.

முதல் வெடிக்கு நான் குனிந்துவிட்டேன். கண்ணாடி இருக்கு, காதில் மூடி இருக்கு, சுடுகிறது என் அக்கா என்றும் தெரியும். உடம்புக்கு அதெல்லாம் தெரியாது. பக்கத்தில் நின்ற பெடியன் பார்த்துவிட்டு மற்றப் பக்கம் திரும்பினான். நல்ல பிள்ளை.

ஏழு யார் தூரத்தில் கடதாசி மனிதன். கிளொக் 19இல் அக்கா பத்து வெடி வைத்தா, எல்லாம் நெஞ்சுப் பக்கத்தில் ஒரு சாப்பாட்டுக் கோப்பை அளவுக்குள். நானே அதிசயித்துப் போனேன். பி365இல் அதே பத்து, தோள், வயிறு, ஒன்று கடதாசிக்கே வெளியில். எல்சிபியில் ஆறு வெடியோடு கையை உதறிக்கொண்டு மேசையில் வைத்துவிட்டா. பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையில் சிவந்து போயிருந்தது.

விளக்கம் லேசு. பி365க்கும் கிளொக்குக்கும் ரவை ஒன்றுதான், 9 மில்லிமீற்றர். அதே உதைப்பை வாங்குகிற இரும்பு குறைவு என்றால் கை கூட வாங்கும். பிடி கட்டை என்பதால் சின்னிவிரலுக்கு இடமில்லை, அந்தரத்தில் தொங்கும். முன் குறிக்கும் பின் குறிக்கும் இடையில் தூரம் குறைவு என்பதால் சின்னப் பிழையும் இலக்கில் பெரிதாக விழும். மேல்பகுதியை இழுக்கிற சுருளும் இறுக்கம். அக்கா இரண்டு முறை இழுக்க முடியாமல் நின்றா. அந்த அம்மா வந்து, இழுக்காதே, ஒரு கையால் பிடித்துக்கொண்டு மற்றக் கையால் தள்ளு என்று காட்டின பிறகுதான் சரிவந்தது. கொண்டுதிரிய எவ்வளவுக்கு லேசோ, அவ்வளவுக்குச் சுடக் கஷ்டம். முதல் துவக்கு வேண்டுகிற சின்னக் கைக்காரருக்கு ஆகச் சின்னதைக் காட்டுகிறார்கள். அவர்களுக்குத்தான் அது ஆகக் கஷ்டம்.

பிறகு ஒளிக்கிற விசயம். இதில்தான் எனக்கு ஒருமாதிரி ஆனது.

'கன்சீல்ட் கெரி' என்கிறதைத் தமிழில் சொல்லிப் பார்த்தேன். மறைத்துக் கொண்டுதிரிதல். தமிழில் அது குற்றப்பத்திரிகை மாதிரிக் கேட்கிறது. எங்கட சரித்திரத்தில் பிஸ்டலை மறைத்துக் கொண்டுவந்தவர்கள் தங்களைக் காப்பாற்ற வந்தவர்கள் இல்லை. 1975 யூலை 27, பொன்னாலை வரதராஜப் பெருமாள் கோயில் வாசலில் யாழ்ப்பாண மேயர் அல்பிரட் துரையப்பா. 1989 செப்டெம்பர் 21, சைக்கிளில் வீட்டுக்குப் போன ராஜினி திராணகம. என்னுடைய காலத்தில் பேப்பரில் வந்த சொல் 'இனந்தெரியாத நபர்கள்'. 2007இல் எங்கட சந்தியில் ஒரு கடைக்காரரைச் சுட்டார்கள். சுட்டதை நான் காணவில்லை. அதுக்கு முன்னம் அங்கே நின்று சோடா குடித்தவனைத்தான் கண்டேன். சரியான வெயில், அவன் ஜக்கெற் போட்டிருந்தான். குடித்து முடிக்கும் மட்டும் வலது முழங்கையை இடுப்போடு அணைத்தே வைத்திருந்தான். அது ஏன் என்று பிறகுதான் விளங்கியது.

அந்த அம்மா அக்காவுக்குச் சொன்னதும் அதைத்தான். உடுப்புக்கு மேலால் துவக்கின் உருவம் தெரியக்கூடாது, அதை அவர்கள் 'பிரின்ரிங்' என்கிறார்கள். குனியும்போது சேட் ஏறக்கூடாது. அடிக்கடி முழங்கையால் தொட்டுப் பார்க்கக்கூடாது, புதுசா கொண்டுதிரிகிறவர்கள் எல்லாரும் விடுகிற பிழையாம் அது. தொடாமல் பழகவேணும். நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்று நினைத்தேன், இதைக் கண்டுபிடிக்கத்தான் எங்களுக்கு சின்ன வயதிலிருந்தே பழக்கம். எனக்கு மேலே தெரிந்தால்தான் நல்ல துவக்கு. அக்காவுக்குத் தெரியாவிட்டால்தான் நல்ல துவக்கு.

சரி, எங்கே ஒளிக்கிறது? பி365ஐ மதிக்கிறவர்கள் எல்லாரும் ஜீன்ஸும் தடித்த பெல்டும் போட்ட ஆம்பிளைகள். பெல்ட்தான் உறையைத் தாங்குவது. அக்கா வேலைக்குப் போடுவது நாடா கட்டுகிற நேர்ஸ் உடுப்பு. அதில் ஒரு றாத்தல் பாணைத் தொங்கவிட்டால் காற்சட்டை கழன்றுவிடும். வயிற்றைச் சுற்றிக் கட்டுகிற பட்டி இருக்கு. இல்லை என்றால் கைப்பை. கைப்பை என்றதும் அந்த அம்மாவே வேண்டாம் என்று தலையாட்டினா. 2014 டிசம்பர் 30, ஐடஹோ மாநிலத்தில் ஹெய்டன் என்கிற ஊர்ப் பெரிய கடையில், 29 வயதுத் தாய் ஒருவரின் கைப்பையிலிருந்து அவரின் 2 வயது மகன் பிஸ்டலை எடுத்துவிட்டான். ஒரே வெடி. தாய் அதிலேயே முடிந்துபோனா. அது துவக்குக்கென்றே தனி அறை வைத்துத் தைத்த பை.

அக்காவின் மகளுக்கு அப்போது ஏழு வயது.

வீட்டுக்கு வரும் வழியில் நான் கணக்குப் பார்த்தேன். ஆஸ்பத்திரி வாசலில் அறிவிப்புப் பலகை இருக்கு, ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும், துவக்கோடு உள்ளே வரக்கூடாது என்று. டெக்சாஸில் அந்தப் பலகையைச் சட்டத்தின் இலக்கத்தாலேயே '30.06' என்பார்கள். அப்ப துவக்குக் காரில் இருக்கவேணும், பன்னிரண்டு மணித்தியாலம். கார் உடைத்துத் துவக்குக் களவெடுப்பது அங்கே சர்வசாதாரணம். வீட்டுக் கதவிலிருந்து கார் மட்டும் மூன்று நிமிடம், ஆஸ்பத்திரித் தரிப்பிடத்தில் காரிலிருந்து பலகை மட்டும் நாலு நிமிடம், திரும்பி வரும்போதும் அதே. அக்காவின் இடுப்பில் அது இருக்கப்போவது ஒரு நாளைக்குப் பதினைந்து நிமிடம். எந்த மதிப்பீட்டிலும் மிச்சம் இருபத்திமூன்றே முக்கால் மணித்தியாலத்துக்குப் புள்ளி போடுவதில்லை.

நான் இதைச் சொன்னேன். அக்கா கேட்டுக்கொண்டு ஓட்டினா.

பிறகு சொல்லக்கூடாததையும் சொன்னேன். அமெரிக்காவில் 2021இல் துவக்கால் செத்தவர்கள் 48,830 பேர். அதில் 26,328 பேர் தங்களைத் தாங்களே சுட்டவர்கள், பாதிக்கும் மேல். கலிபோர்னியாவில் செய்த ஒரு பெரிய ஆய்வு 2020இல் வந்தது. கைத்துவக்கு வைத்திருக்கிற பெண்கள் துவக்கால் தற்கொலை செய்வது, வைத்திராத பெண்களைவிட 35 மடங்கு. ஆம்பிளைகளில் 8 மடங்கு. அக்கா அந்த ஆறு மாதமாகச் சரியா நித்திரை கொள்வதில்லை என்று அத்தான் எனக்குச் சொல்லியிருந்தார். பகலில் யன்னல் சீலையை இழுத்துவிட்டு முழிச்சுக்கொண்டு கிடப்பாவாம்.

"நான் சாகவாடா துவக்கு வேண்டுறன்?" என்றா. குரல் உயர்ந்தது. "இரவு மூண்டு மணிக்கு அப்பிடி வாற ஆக்களை நான்தான் பாக்கிறன். நீ எனக்கு நம்பர் சொல்லுறாய்."

கொஞ்சத் தூரம் ஒருவரும் கதைக்கவில்லை.

"உனக்குத் தெரியுமோ, அவன்ர கையில கத்தி இருக்கேக்க நான் என்ன சொன்னனான் எண்டு? 'சேர்' எண்டு சொன்னனான். சென்றில சொல்லுற மாதிரி. 'ஓம் சேர்.' 'இந்தாங்கோ சேர்.' இத்தினை வருசம் கழிச்சு, அமெரிக்கன் பாஸ்போட்டும் எடுத்து."

எனக்கு அதுக்குப் பதில் இருக்கவில்லை. இப்பவும் இல்லை. என்ன நினைக்கிறேன் என்று கேட்டபடியால் ஒளிக்காமல் சொன்னேன். வேண்டாதீங்கோ அக்கா. சாமானில் பிழை இல்லை, அந்த அளவுக்கு அது கெட்டித்தனமாகச் செய்த சாமான்தான். ஆனால் சுட லேசானது உங்களுக்கு ஒளிக்கேலாது, ஒளிக்க லேசானதை உங்களுக்குச் சுட வராது, வேலை செய்கிற இடத்துக்குக் கொண்டுபோகவும் ஏலாது, வீட்டில் சின்னப் பிள்ளை. அந்தத் தரிப்பிடத்தில் அவன் கதவைப் பிடித்துக்கொண்டு ஒரு முழத் தூரத்தில் நின்றவன். அந்தத் தூரத்தில் பையைக் குடுத்ததுதான் சரி. எல்லாம் சொன்னேன். ஆனால் பின்னேரம் ஆறரைக்கு அந்தத் தரிப்பிடத்தில் தனிய நடக்கப்போகிறது நான் இல்லை என்பதும் சொல்லும்போதே தெரிந்தது.

ஒரு விசயத்தில் அக்கா என் சொல் கேட்டா. துவக்குக்கு முன்னம் பெட்டகம். 17 வயதுக்குக் கீழ்ப்பட்ட பிள்ளைக்கு எட்டக்கூடிய மாதிரி நிரப்பின துவக்கை விட்டு வைப்பது டெக்சாஸில் குற்றமும்தான். நான் வெளிக்கிடுகிறதுக்கு முதல் நாள் வந்து சேர்ந்தது, சப்பாத்துப் பெட்டியிலும் சின்னன், நாலு பொத்தான். அக்கா நம்பர் போட்டு, பூட்டி, சாப்பாட்டு மேசையில் வைத்துவிட்டுத் தேத்தண்ணி போடப் போனா. மகள் வந்து சுற்றிச் சுற்றிப் பார்த்தாள்.

"மாமா, இதுக்குள்ள என்ன?"

"ஒண்டுமில்லை."

நாக்கைக் கடித்துக்கொண்டு நாலு பொத்தானையும் அமர்த்தினாள். 'டிக்' என்று திறந்தது. அவளின் பிறந்தநாள். முதல் தரமே போட்டுவிட்டாள். உள்ளே வெறுமை என்று கண்டு ஏமாந்து, ஓடிப்போய் இரண்டு சொக்கிலேற் கொண்டுவந்து வைத்துப் பூட்டினாள். அக்கா தேத்தண்ணிக் கோப்பையோடு குசினி வாசலிலேயே நின்றா. அத்தான் ஒன்றும் சொல்லவில்லை, பேப்பரைப் பார்த்தபடி இருந்தார். அவர் பேப்பரைப் பிடித்திருந்த விதத்தில் அது வாசிக்கிற பிடி இல்லை என்று தெரிந்தது.

நான் ஊருக்கு வந்து மூன்று மாதத்தால், பெரியம்மாவின் திவசத்தைப் பற்றிக் கதைக்க அக்கா கோல் எடுத்தா. கடைசியில், வைக்கப்போகும்போது, "வேண்டிட்டன்" என்றா.

"எது?"

"சின்னது. பி365. மாசத்துக்கு ரெண்டு தரம் போய்ச் சுடுறன். இப்ப கடதாசிக்கு வெளியில போறேல்லை."

"வேலைக்கு?"

"வேலைக்கு இல்லை. செக்கியூரிட்டிக்கு அடிச்சா காரடிக்கு வந்து நிப்பாங்கள். அது முந்தியும் இருந்ததுதான், நான்தான் கேக்கேல்லை. மற்ற நேரம் வயித்துப் பட்டியில வச்சிருக்கிறன்."

"பாரமா இல்லையோ?"

"பழகீட்டுது."

நித்திரை வருதோ என்று கேட்க வாய் வந்தது. கேட்கவில்லை. பெட்டக நம்பரை மாற்றினீங்களோ என்று கேட்டேன்.

"மாத்தினான். அத்தானுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். உனக்கும் சொல்லமாட்டன்." பிறகு சிரித்துக்கொண்டு, "சொக்கிலேற்றை எடுத்துப்போட்டுத்தான் வச்சனான்" என்றா.